மதுரைப் பகைக்குப் புவிசார் குறியீடு வேண்டி ஒரு மனு

பெறுநர்:
பதிவாளர் அவர்கள்,
புவிசார் குறியீட்டுப் பதிவகம், கிண்டி, சென்னை.

ஐயா,

எங்கள் ஊர் மல்லிகைக்கு 2013இல் புவிசார் குறியீடு கொடுத்தீர்கள். சுங்குடிச் சேலைக்கு அதற்கு முன்பே கிடைத்துவிட்டது. சோழவந்தான் வெற்றிலையும் பட்டியலில் ஏறிவிட்டது. பூ, புடவை, வெற்றிலை என்று தாம்பூலத் தட்டு நிறைந்தாயிற்று. ஆனால் மழை பொய்த்தாலும், வைகை வெறும் மணலாய்க் கிடந்தாலும், எங்கள் மண்ணில் குறையாமல் விளைகிற சரக்கு ஒன்று இன்னும் கேட்பாரற்றுக் கிடக்கிறது. பகை. சாதி, மதம் என்று இரண்டு ரகத்தில் கிடைக்கும். மார்கழிப் பனியில் மல்லிகை விளைச்சல் விழுந்துவிடும். எங்கள் பகைக்குப் பனியும் கிடையாது, கோடையும் கிடையாது. தேர்தல் வருகிற வருஷம் மட்டும் மகசூல் சற்றுக் கூடும்.

நாங்குநேரிக்காரர்களும் கோயம்புத்தூர்க்காரர்களும் முந்திக்கொள்வதற்குள் இந்த மனுவை அனுப்புகிறேன். அவர்களிடமும் சரக்கு இருக்கிறது. ஆனால் பரம்பரை என்று ஒன்று உண்டல்லவா?

உங்கள் படிவம் முதலில் கேட்பதே பூர்வீகத்துக்கு ஆதாரம்தான். சொல்கிறேன். சம்பந்தர் காலத்தில் மதுரையில் எண்ணாயிரம் சமணர் கழுவேறினார்கள் என்று சைவப் புராணம் சொல்கிறது. நடந்தது என்பதற்கு அந்தக் காலத்துக் கல்வெட்டு ஒன்றுகூட இல்லை. சம்பந்தர் ஏழாம் நூற்றாண்டு. அதற்கு இருநூறு வருஷம் கழித்து, கீழக்குயில்குடிச் சமணர் மலையிலும் ஆனைமலையிலும் தீர்த்தங்கரர் உருவங்களைச் செதுக்கி, அச்சணந்தி என்ற சமண முனிவரின் பெயரை வட்டெழுத்தில் பொறித்து வைத்திருக்கிறார்கள். கழுவில் ஏறிய பிறகும் உளி பிடிக்கத் தெரிந்தவர்கள் போலும் எங்கள் சமணர்கள். செய்த கொலையை மறைக்கிறவன் எல்லா ஊரிலும் உண்டு. செய்ததாக நிரூபணமே ஆகாத கொலையை ‘நாங்கள்தான் செய்தோம்’ என்று ஆயிரம் வருஷமாக மார்தட்டுகிற ஊர் எங்களுடையது. இதைவிட என்ன பூர்வீகம் வேண்டும்?

உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். சரக்கு அவ்வளவு பழசில்லை. இப்போது சந்தையில் போகிற முறுக்கான ரகம், கச்சேரியும் பத்திரமும் வந்த பிறகு பயிரானது. 1920ஐ எடுத்துக்கொள்ளுங்கள். அந்த வருஷம் ஏப்ரல் 3ஆம் தேதி, உசிலம்பட்டிப் பக்கம் பெருங்காமநல்லூரில், பிறந்த சாதியே குற்றம் என்று சொன்ன சட்டத்துக்குக் கைரேகை வைக்க மறுத்த பிரமலைக் கள்ளர்களைப் போலீஸ் சுட்டது. மாயக்காள் என்ற பெண் உட்படப் பதினாறு பேர் செத்தார்கள். அதே வருஷம் மதுரை சப்-கோர்ட்டில் திருப்பரங்குன்றம் மலை யாருக்கு என்ற வழக்குக்கு எண் விழுந்தது. 1923இல் தீர்ப்பு: மலை தேவஸ்தானத்துக்கு, உச்சியிலுள்ள சிக்கந்தர் தர்கா, கொடிமரம், நெல்லித்தோப்பு, அங்கிருந்து மேலே போகும் படிக்கட்டு ஆகியவை முஸ்லிம்களுக்கு. மேல்முறையீடு கப்பலேறி லண்டன் பிரிவி கவுன்சில்வரை போய், 1931இல் அதே தீர்ப்போடு ஊர் திரும்பியது.

பாறை யாருக்கு, படி யாருக்கு என்று இவ்வளவு துல்லியமாக எழுதிவைத்த பிறகு சண்டைக்கு ஏது இடம் என்று கேட்பீர்கள். எங்கள் தொழில்நுட்பம் உங்களுக்குத் தெரியாது. நூறு வருஷம் ஊறப்போட்டு எடுத்தோம். 2025 தொடக்கத்தில் மலைமேல் ஆடு வெட்டலாமா கூடாதா என்று ஆரம்பித்தது. அதே வருஷம் கார்த்திகையில், தீபத்தை எந்த இடத்தில் ஏற்றுவது, மேலே நிற்கிற கல் தீபத்தூணா, நில அளவைக் கல்லா என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளையும் அரசும் தொலைக்காட்சிகளும் சேர்ந்து ஆராய்ந்தன. நடுவே தடை உத்தரவு. (சட்டத்தில் பிரிவு எண் 163 ஆக மாறிவிட்டது, எங்கள் வாயில் இன்னும் 144தான். பழகிய பேர் அல்லவா.) பின்பக்கம் தமிழி எழுத்தோடு கிடக்கிற சமணர் படுக்கைகளைப் பற்றி யாரும் பெரிதாகப் பேசவில்லை. ஓட்டு இல்லாத படுக்கை அது.

முருகனுக்கும் வேலைப்பளு கூடிவிட்டது. 2024இல் அரசு பழனியில் ஒரு முருகன் மாநாடு நடத்தியது. 2025 ஜூனில் இந்து முன்னணி மதுரையில் ஒரு முருகன் மாநாடு நடத்தியது. ஒரு பழத்துக்காகக் கோபித்துக்கொண்டு மலையேறியவரை, இரண்டு பக்கத்திலிருந்தும் பழத்தைக் காட்டிக் கீழே கூப்பிடுகிறார்கள்.

இனி தயாரிப்பு முறை. தொழில் ரகசியம் முழுக்க இதில் இருப்பதால் கொஞ்சம் விரித்துத்தான் எழுத வேண்டும்.

எழுமலைக்குப் பக்கத்தில் உத்தப்புரம். 1989இல் அங்கே கலவரம், கொலைகள். ஊர்ப் பெரியவர்கள் கூடினார்கள், பேசினார்கள், ஒப்பந்தம் எழுதினார்கள். தலித் குடியிருப்புக்கும் பிள்ளைமார் தெருக்களுக்கும் நடுவே சுவர் எழும்பியது. சுமார் அறுநூறு மீட்டர் நீளம். அதே வருஷம் நவம்பரில் பெர்லின் சுவர் விழுந்தது. உலகத்தில் சுவர்க் கணக்கு குறைந்துவிடாமல் பார்த்துக்கொண்ட பெருமை எங்கள் மாவட்டத்துக்கு.

பகை முற்றியதால் சுவர் வந்தது என்று படித்தவர்கள் எழுதுவார்கள். கட்டியவர்களுக்கு அதைவிடக் கூடுதலாகத் தெரியும். கோபம் ஒரு பருவத்துப் பயிர். களையெடுக்க ஆள் வேண்டும், அவசரத்துக்குக் கைமாற்று வேண்டும், காணாமல்போன ஆட்டை அந்தத் தெருவில் பார்த்தீர்களா என்று கேட்க வேண்டும்; ஒரு வருஷத்தில் தானாக வாடிவிடும். வாடாமல் வைத்திருக்கக் கல்லும் காரையும் வேண்டும். 1989இல் பிறந்த பிள்ளைக்கு 2008இல் பத்தொன்பது வயது. அது சண்டையைக் கண்டதில்லை, சுவரைத்தான் கண்டது. அந்தப் பக்கத்துக்காரனை ஏன் வெறுக்க வேண்டும் என்று அதற்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. ஒன்றுமில்லாமலா இவ்வளவு பெரிய சுவர் கட்டியிருப்பார்கள் என்று அதுவே நினைத்துக்கொள்ளும். ஒருமுறை முதலீடு, தலைமுறைக்கும் வட்டி.

பிறகு தரத்தை இன்னும் உயர்த்தினார்கள். சுவர்மேல் இரும்புக் கம்பி, கம்பியில் மின்சாரம். தமிழ்நாடே மின்வெட்டில் புழுங்கிக்கொண்டிருந்த 2008இல்தான் இந்தச் சங்கதி வெளியே வந்தது. பம்ப்செட்டுக்குக் கிடைக்காத கரண்டு பகைக்குக் கிடைத்தது. தீண்டாமை ஒழிப்பு முன்னணியும் மார்க்சிஸ்ட் கட்சியும் தெருவுக்கு வந்தன. கட்சியின் பொதுச்செயலாளர் பிரகாஷ் காரத் நேரில் வருகிறார் என்று தேதி குறித்தார்கள். அவர் வருவதற்கு முதல் நாள், மே 6ஆம் தேதி, மாவட்ட நிர்வாகத்தின் கண்ணில் சுவர் பட்டுவிட்டது! பத்தொன்பது வருஷத்தில் அந்த வழியாக ஜீப்பில் போய்வந்த தாசில்தார்கள் எத்தனை, ஆர்.டி.ஓ.க்கள் எத்தனை, இன்ஸ்பெக்டர்கள் எத்தனை? அறுநூறு மீட்டர் சுவர் தெரியாத பார்வைக் கோளாறுக்கு அரவிந்த் கண் ஆஸ்பத்திரியில்கூட வைத்தியம் கிடையாது.

இடித்தது பதினைந்து அடி. அறுநூறு மீட்டரில் பதினைந்து அடி. அதற்கே பிள்ளைமாரில் ஒரு பகுதியினர் கத்திரி வெயிலில் வீட்டைப் பூட்டிவிட்டுத் தலையூத்து மலையடிவாரத்தில் போய் உட்கார்ந்தார்கள். ரேஷன் கார்டுகளை அதிகாரிகளிடம் திருப்பிக் கொடுத்தார்கள். நடக்கப் பாதை இல்லை என்று ஊரைவிட்டுப் போனவர்களைப் பற்றிக் கேள்விப்பட்டிருக்கிறோம். அடுத்தவனுக்கு நடக்கப் பாதை கிடைத்துவிட்டதே என்று ஊரைவிட்டுப் போனவர்களை உலகம் உத்தப்புரத்தில்தான் பார்த்தது. இந்த வீரியத்துக்காவது ஒரு குறியீடு கொடுக்கக்கூடாதா ஐயா?

2011 நவம்பரில் உத்தப்புரத்துத் தலித்துகள் முத்தாலம்மன் கோயிலுக்குள் போய்க் கும்பிட்டார்கள். அம்மனுக்கு ஒன்றும் ஆகவில்லை.

சின்ன அம்மனைச் சொல்லிவிட்டுப் பெரிய அம்மனை விடக்கூடாது. 1939 ஜூலை 8. வைத்தியநாத ஐயர், கக்கன் முதலிய தலித்துகளையும் ஒரு நாடாரையும் அழைத்துக்கொண்டு மீனாட்சி கோயிலுக்குள் போனார். நிர்வாக அதிகாரி ஆர்.எஸ். நாயுடு வரவேற்றார். பட்டர்களில் ஒரு கூட்டத்துக்குப் பொறுக்கவில்லை. கோயிலைப் பூட்டிப் பார்த்தார்கள், நாயுடு திறந்துவிட்டார். உடனே ஒரு கண்டுபிடிப்பு: மீனாட்சி கோயிலைவிட்டு வெளியேறிவிட்டாளாம். தமிழ்ச் சங்கம் சாலைப் பக்கம் நடேச ஐயர் என்ற வக்கீலின் பங்களாவில் இன்னொரு மீனாட்சிக்குக் கோயில் வைத்துப் பூஜையைத் தொடங்கினார்கள். பாண்டியன் மகள், திக்விஜயம் போனவள், மதுரையை ஆளுகிறவள். அவளை ஒரு வக்கீல் வீட்டு வளாகத்துக்குக் குடிமாற்றிய பெருமை மதுரைச் சாஸ்திர விற்பன்னர்களுக்கே உரியது. அந்த மீனாட்சியை இன்று யார் தேடுகிறார்கள்? பட்டர்களும் சில வருஷத்தில் பழைய சந்நிதிக்கே திரும்பிவிட்டார்கள். இப்போது ஆடி வெள்ளியில் வரிசை சித்திரை வீதிவரை நிற்கிறது. முன்னால் நிற்கிறவரின் சாதியைக் கேட்டுவிட்டு வரிசையில் நிற்பவர் எவருமில்லை. செல்போனை எங்கே கொடுத்துவைப்பது என்பதே அவர்கள் கவலை.

தரத்தைக் கண்காணிக்க ஒரு குழு வேண்டும் என்கிறது சட்டம். அரசாங்கத்தைவிடப் பொருத்தமான குழு எங்களுக்குக் கிடைக்காது. சமாதானக் கூட்டம் என்று ஒன்று போடும். இரண்டு பக்கமும் ஐந்தைந்து பேர், டீ, ரெண்டு பிஸ்கட், கையெழுத்து. அடித்தவனும் அடிபட்டவனும் ‘இரு தரப்பு’ ஆகிவிடுவார்கள். தலைவர்கள் சிலைகளுக்கு இரும்புக் கூண்டு போடும்; அரசியல் சாசனம் எழுதியவரைத் தென்மாவட்டத்தில் கம்பிக்குப் பின்னால்தான் பார்க்க முடியும். 1997இல் போக்குவரத்துக் கழகம் ஒன்றுக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயரை வைத்ததும் தெற்கே தீப்பிடித்தது. அரசு என்ன செய்தது? எல்லாப் போக்குவரத்துக் கழகங்களின் பெயரையும் எடுத்துவிட்டது. எங்கள் பஸ்ஸில் ‘பாண்டியன்’ போனது. மாவட்டங்களிலும் கட்டபொம்மன் போனார், பசும்பொன் போனது, காமராசர் போனார், சிதம்பரனார் போனார். ஒரு தலித் வீரனுக்குச் சீட்டுக் கொடுப்பதைவிடப் பாண்டியனையே பஸ்ஸைவிட்டு இறக்கிவிடுவது சுலபம் என்று கண்ட ராஜதந்திரம்.

டீக்கடையில் ரெட்டைக் குவளை ஒழிந்த கதையும் இப்படித்தான். தூக்கியெறிகிற கப் வந்தது, எல்லாருக்கும் சமத்துவம். கொஞ்சம் உற்றுப் பார்த்தால் சில கடைகளில் கண்ணாடி டம்ளர் இன்னும் சிலருக்காகக் கழுவிவைக்கப்பட்டிருக்கும்.

மேலவளவைப் பற்றி எழுதும்போது எனக்குக் கேலி வரவில்லை. மேலூர்ப் பக்கத்து ஊர். 1996இல் ஊராட்சித் தலைவர் பதவி தலித்துகளுக்கு ஒதுக்கப்பட்டது. மிரட்டல்கள், ஓட்டுப்பெட்டித் தூக்கல் எல்லாம் தாண்டி முருகேசன் தலைவரானார். 1997 ஜூன் 30ஆம் தேதி, எரிக்கப்பட்ட குடிசைகளுக்கு நிவாரணம் கேட்டு மதுரைக் கலெக்டர் ஆபீசுக்குப் போய்விட்டுப் பஸ்ஸில் திரும்பிக்கொண்டிருந்தார். பஸ்ஸை மறித்து அவரையும் இன்னும் ஐந்து பேரையும் வெட்டினார்கள். அவருடைய தலையை அறுத்துக் கிணற்றில் போட்டார்கள். ஊராட்சித் தலைவரின் அதிகாரத்துக்குள் என்ன இருக்கிறது? தெருக்குழாய், தெருவிளக்கு, சாக்கடை. அதற்கு ஆறு உயிர்.

2001இல் பதினேழு பேருக்கு ஆயுள் தண்டனை. 2008இல் அண்ணா நூற்றாண்டு என்று மூன்று பேர் வெளியே வந்தார்கள். 2019இல் எம்.ஜி.ஆர். நூற்றாண்டை ஒட்டிப் பதின்மூன்று பேர் வெளியே வந்தார்கள். ஒரு கட்சி ஆரம்பித்துவைத்தது, இன்னொரு கட்சி முடித்துவைத்தது. கொள்கையில் ஒத்துப்போகாத இரண்டு கழகங்கள் இதில் ஒத்துப்போயின. முருகேசனுக்கும் பிறந்தநாள் உண்டு. அதற்காக யாரும் எதையும் விடுவிக்கவில்லை.

குறியீட்டுக்கு ஆயுள் பத்து வருஷம், பிறகு புதுப்பித்துக்கொள்ளலாம் என்று படித்தேன். இதுவும் எங்களுக்குத் தோதான கணக்கு. பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம் மூன்று ஊராட்சிகளிலும் 1996 முதல் 2006வரை, சரியாகப் பத்து வருஷம், தலித் தலைவரை நாற்காலியில் உட்காரவிடாமல் பார்த்துக்கொண்டோம். மனுத் தாக்கல் இருக்காது. இருந்தால் ஜெயித்தவர் பதவியேற்ற கையோடு ராஜினாமா எழுதுவார். பெருங்காமநல்லூரும் அதே உசிலம்பட்டிச் சீமைதான். ‘பிறப்பை வைத்து என்னை எடைபோடாதே’ என்று குண்டுக்கு மார்பைக் காட்டிய மண் அது. அந்தப் பதினாறு பேரின் பேரப்பிள்ளைகள் காலத்தில், பிறப்பை வைத்து ஒருவருக்கு நாற்காலி மறுத்ததும் அதே மண்தான். வெள்ளைக்காரன் கொண்டுவந்த மை உருளையை 1947இல் தூக்கியெறிந்தார்கள். மை போகவில்லை.

ஆனால் 2006 அக்டோபரில் என்ன நடந்தது? அரசு இந்த முறை நடத்தியே தீர்வது என்று நின்றது. கலெக்டர் உதயச்சந்திரன் அந்த ஊர்களுக்குப் போனார், பேசினார், மறுபடி போனார். தேர்தல் நடந்தது. ஜெயித்தவர்கள் ராஜினாமா செய்யவில்லை. வானம் இடியவில்லை. சென்னையில் சமத்துவப் பெருவிழா எடுத்துக் கொண்டாடினார்கள். ஐ.நா. அமைதிப்படை வரவில்லை, நார்வேக்காரர் பேச்சுவார்த்தைக்கு வரவில்லை. சம்பளம் வாங்குகிற ஓர் அதிகாரி, கைகட்டி நிற்காத ஓர் அரசு, சில மாதங்கள். 1939இல் ஒரு நிர்வாக அதிகாரி கதவைத் திறந்தார். 2008இல் ஒரு புல்டோசர் வந்தது. இவ்வளவுதான் செலவு. எனக்கு ஆத்திரம் வருவதே இங்கேதான். மருந்து இல்லாமல் செத்தால் விதி என்று விட்டுவிடலாம். மருந்து அலமாரியில் இருக்கிறது, சாவி இடுப்பில் இருக்கிறது, ‘சென்சிட்டிவ் விஷயம்’ என்று பத்து வருஷம், பத்தொன்பது வருஷம், நூறு வருஷம் உட்கார்ந்திருக்கிறார்கள்.

மனு விளம்பரமான மூன்று மாதத்துக்குள் யாரும் ஆட்சேபிக்கலாம். எங்கிருந்து ஆட்சேபம் வரும் என்று இப்போதே சொல்லிவிடுகிறேன். வண்டியூரிலிருந்து வரும். சித்திரையில் ஆற்றில் இறங்குகிற அழகர் போய்த் தங்குவது அங்கேதான். துலுக்க நாச்சியாரைப் பார்க்கப் போகிறார் என்று சனம் சொல்கிறது. கள்ளர் வேஷம் கட்டிக்கொண்டு துலுக்க நாச்சியார் வீட்டுக்குப் போகிற பெருமாளை எந்த ரகத்தில் சேர்ப்பது என்று எங்கள் உற்பத்தியாளர்களுக்கு இன்றுவரை புரியவில்லை. அடுத்து திருப்பரங்குன்றத்திலிருந்து வரும். மலைமேல் தர்காவுக்கு நேர்ந்துகொண்டு ஆட்டைப் பிடித்துக்கொண்டு ஏறுகிறவர்களில் இந்துக்களும் உண்டு. சந்நிதித் தெருக் கடைக்காரர் ஒருவர் ஆட்சேபம் எழுதினால் இப்படித்தான் எழுதுவார்: ‘எங்களுக்குள்ள ஒண்ணும் இல்லண்ணே. ஏழரையக் கூட்டுறதுக்குன்னே வெளியூர்ல இருந்து வேன் பிடிச்சு வர்றாய்ங்க. ரெண்டு நாள் கடைய அடைச்சா தண்டல்காரன் மலையப் பாத்து மன்னிச்சு விடுவானா?’ இந்த மாதிரி ஆட்களால்தான் எங்கள் தொழில் முன்னுக்கு வரவில்லை.

இன்னொரு சிக்கலையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். உங்கள் சட்டத்தின் 9ஆம் பிரிவைப் படித்தேன். குடிமக்களில் எந்தப் பிரிவினருடைய மத உணர்வையும் புண்படுத்தக்கூடிய எதையும் பதிவுசெய்யக் கூடாதாம். மத உணர்வு புண்படுவதுதான் ஐயா எங்கள் மூலப்பொருளே. அதை எடுத்துவிட்டால் மேடை ஏது, ஊர்வலம் ஏது, ஜாமீனில் வந்தவருக்கு மாலை ஏது?

அதைவிடப் பெரிய சிக்கல் கடைசிக் கட்டத்தில் இருக்கிறது. உற்பத்தியாளர் பெயரும் கையெழுத்தும் வேண்டும் என்கிறீர்கள். யாரைக் கேட்டாலும் ‘நாங்க இல்லப்பா, அவய்ங்கதான்’ என்கிறார்கள். கட்சிக்காரர்களைக் கேட்டால் விஷமிகள் என்கிறார்கள். வெளியூரிலிருந்து வேனில் வந்தவர்களைக் கேட்டால் உள்ளூர் மக்களின் உணர்வு என்கிறார்கள். போலீஸ் ‘அடையாளம் தெரியாத நபர்கள்’ என்கிறது. பத்திரிகைகள் ‘பதற்றம் நிலவியது’ என்று எழுதுகின்றன, பதற்றம் தானாக மாட்டுத்தாவணியில் பஸ் ஏறி வந்து நிலவியதுபோல. சரி, என் பெயரையாவது எழுதலாமென்று பேனாவை எடுத்தேன். மாடியை வாடகைக்குக் கேட்டு வந்தவரிடம் அட்வான்ஸ் எவ்வளவு என்று சொல்வதற்கு முன்னால் ‘நீங்க என்ன ஆளுக?’ என்று என் வீட்டுத் திண்ணையில் கேட்ட குரல் நினைவுக்கு வந்தது. அது என் குரல்தான். பேனாவை மூடிவிட்டேன்.

ஆகவே கட்டம் காலியாகவே இருக்கிறது. மனுவைத் தள்ளுபடி செய்யுங்கள். காரணம் என்ற இடத்தில் இரண்டே வார்த்தை எழுதினால் போதும்: தயாரிப்பாளர் தலைமறைவு.

இப்படிக்கு,
மதுரைவாசி.